எட்டு சாண் வாசல்

பாரிஸ்
9 பிப்ரவரி 1976

என் கன்னியம்மாவுக்கு,

நீயும் உன் நைனாவும் சுகமா? எனக்குத் தலைகால் புரியவில்லை! ஆறு வருஷமாக யார் யாருக்கோ செட் வரைந்து கொடுத்தவன், புதுப் பிரெஞ்சுப் படத்துக்கு நானே ஆர்ட் டைரக்டர். கோடம்பாக்கத்தில் பெயின்ட் வாளி தூக்கியவன் பெயர் திரையில் தனியாக வரப்போகிறது!

பாதிக் கதை நம்ம ஊர்ப் பக்கத்துக் கூரை வீடு ஒன்றில் நடக்கிறது. ஸ்டுடியோவுக்குள் உன் நைனா வீட்டையே கட்டப் போகிறேன். அளந்து அனுப்பு. இந்தத் தடவையாவது நீயும் வாயேன்.

உன்,
பச்சையப்பன்

கும்மிடிப்பூண்டி
27 பிப்ரவரி 1976

மாமாவுக்குக் கன்னியம்மா எழுதிக்கொள்வது.

"எம் மாப்ள பேரு சினிமாவுல வருதுபா!" என்று நைனா டீக்கடையில் ஒரே கூச்சல். எங்கள் ஆணிக் கம்பெனியில் என்னை வேலை செய்யவே விடவில்லை, அத்தனை கேள்வி. எனக்குச் சந்தோஷத்தில் சோறு இறங்கவில்லை.

வீட்டில் டேப் ஏது? சாண் போட்டு அளந்தேன். வாசல் உயரம் எட்டு சாண். வாசலிலிருந்து அடுப்பு பதினைந்து சாண். என் கை உங்களுக்கு மறந்திருக்கும். அதனால் என் சாண் அளவுக்கு நூல் வெட்டி உள்ளே வைத்திருக்கிறேன்.

வரச் சொல்கிறீர்கள். கல்யாணத்தன்று நைனா எதிரில் என்ன சொன்னீர்கள்? "நமக்குன்னு ஒரு ஊடு கட்டிட்டுக் கூட்டிக்கினு போறேன்." வாடகை ரூமில் குந்திக்கொண்டிருக்க நான் வரமாட்டேன். வீட்டைக் கட்டுங்கள், பால் காய்ச்ச வருகிறேன்.

இப்படிக்கு,
கன்னியம்மா

பாரிஸ்
12 ஏப்ரல் 1976

கன்னியம்மா,

கட்டிவிட்டேன்! உன் நூலைக் கையில் வைத்துக்கொண்டு தச்சர்களைப் பாடாய்ப் படுத்தினேன். டைரக்டர் வாசலில் குனிந்து நுழைந்து, அடுப்பு வரை நடந்து பார்த்தார். அப்புறம் என்னைக் கட்டிக்கொண்டார். நான் ஓரமாகப் போய் அழுதுவிட்டேன்.

போட்டோ வைத்திருக்கிறேன். விளக்கு போடுவதற்காகக் கூரை கிடையாது. பக்கத்துச் சுவர் சக்கரத்தில் நகரும். மே இருபதாம் தேதி இடித்துவிடுவார்கள். அதற்குள் நீ ஒரு முறை பார்க்க வேண்டும். விமான டிக்கெட்டும் இத்துடன் இருக்கிறது. சொந்த வீடு இன்னும் கட்டவில்லைதான். கோபித்துக்கொள்ளாமல் வா.

உன்,
பச்சையப்பன்

கும்மிடிப்பூண்டி
29 ஏப்ரல் 1976

மாமா,

நீங்கள் எல்லாம் ஒரு ஆர்ட் டைரக்டரா? பின்வாசல் எங்கே? கஞ்சித் தண்ணியை நான் எங்கே கொட்டுவது? அடுப்பைத் தெருவைப் பார்க்க வைத்திருக்கிறீர்கள்! போகிறவன் வருகிறவன் எல்லாம் என் சட்டியை எட்டிப் பார்க்கவா? இதில் சுவருக்குச் சக்கரம் வேறு!

ஆனால் வாசல் என் கை அளவுதான். போட்டோவில் நீங்கள் அதில் குனிந்து நிற்பதைப் பார்த்ததும் எனக்கு மனசு இளகிவிட்டது.

இதுவரை உங்களிடம் சொல்லவில்லை. பாஸ்போர்ட் போன வருஷமே வாங்கிவிட்டேன். கம்பெனியில் லீவும் சொல்லியாகிவிட்டது.

"இன்னாமே, அட்ட ஊடு அது. நாலு நாள்ல இடிச்சுடப் போறானுங்கோ. அதுக்கா போறே?" என்கிறார் நைனா.

"நாலு நாளானா இன்னா நைனா? எனக்குன்னு கட்டின ஊடு" என்றேன்.

பதினேழாம் தேதி வந்து இறங்குகிறேன். அதுவரை ஒருவரும் கை வைக்கக் கூடாது. சுவரைத் தள்ளிச் சரியாக மூடி வையுங்கள். ஒரு படி பால் வாங்கி வையுங்கள்.

உங்கள்,
கன்னியம்மா