மேட்டுப்பாதையில் ஆணி டயர்கள்

செப்டம்பர் 16
என் பெயர் இல்க்கா ஹுத்துனென். எங்கள் எட்டு வீட்டுக் குடியிருப்புச் சங்கத்தின் தலைவன். இக்குறிப்பைத் தொடங்கும் நோக்கம் ஒன்றே: வரும் பனிக்காலத்தில் என் மனைவி மெர்யா பகலில் தூங்க வேண்டும்.

குவோப்பியோ நகர மருத்துவமனையில் அவள் இரவுப்பணிச் செவிலி. எங்கள் படுக்கையறைச் சன்னலை ஒட்டித்தான் குடியிருப்பின் மேட்டுப்பாதை ஏறுகிறது. உறைபனியில் வழுக்காமலிருக்க, பனி விழுமுன்னரே எல்லோரும் ஆணி பதித்த டயருக்கு மாறிவிடுவார்கள். வெறும் தாரில் அது எழுப்பும் ஓசை, தகரத்தின் மேல் சரளையை இடைவிடாமல் கொட்டுவது போன்றது.

நேற்றுச் சொன்னாள்: "இன்னொரு பனிக்காலம் என்னால முடியாதுப்பா. கயானியில அக்கா வீட்டுக்குப் போயிடுவேன்." விளையாட்டாகச் சொல்லவில்லை.

செப்டம்பர் 28
சங்கக் கூட்டம். ஆணியில்லாப் பனிக்கால டயருக்கும் சட்டம் இடம் தருகிறது. எல்லோரும் அதற்கே மாறலாம், மொத்தமாக வாங்கினால் விலையும் குறையும் என்றேன். ஏழு வீட்டார் இசைந்தனர். ஓய்வுபெற்ற டாக்ஸி ஓட்டுநர் ஓஸ்மோ மட்டும் முரண்டு பிடித்தார்.

"உங்க வீட்டம்மா தூங்கறதுக்கு நான் சறுக்கணுமா?"

"சறுக்க மாட்டீங்க, ஓஸ்மோ. சோதனை முடிவெல்லாம் பாத்துட்டேன்."

குடியிருப்பின் பொது வெந்நீராவிக் குளியலறையான சவுனாவில் என் வெள்ளிக்கிழமை மாலை முறையை அவருக்கு விட்டுக்கொடுத்தேன். அதன் பிறகே கை தூக்கினார்.

நவம்பர் 10
எட்டு வீட்டிலும் டயர் மாற்றியாயிற்று. மெர்யா பிற்பகல் வரை தூங்கினாள்.

டிசம்பர் 14
ஓஸ்மோவின் கார் பாதி மேட்டிலிருந்து பின்னோக்கி வழுக்கிக் குப்பைக் கொட்டகையில் முட்டி நின்றது. "எல்லாத்தையும் பாத்துட்டீங்களே, தலைவரே! வந்து இதையும் பாருங்க!"

காலையில் மெர்யாவும் காரைக் கீழேயே விட்டுவிட்டு, வேலியைப் பற்றிக்கொண்டு ஏறி வந்தாள். முழங்காலில் சிராய்ப்பு.

"நல்லாத் தூங்க முடியுது. வீட்டுக்குத்தான் வர முடியல."

சிரித்தாளா? இல்லை.

டிசம்பர் 15
சரளை தூவினோம். மதியத்துக்குள் கார்கள் அதை ஓரத்துக்குத் தள்ளிவிட்டன.

காரணம் தெளிவு. இத்தனை ஆண்டுகளாக ஆணிகளே உறைபனியைக் கீறிச் சொரசொரப்பாக வைத்திருந்தன. ஆணியில்லாச் சக்கரங்களோ தேய்த்துத் தேய்த்து அதைக் கண்ணாடி ஆக்கிவிட்டன. சோதனைகளில் ஒரு காரைத்தான் பார்த்தேன். எட்டுக் கார்கள் சேர்ந்து ஒரு பாதையை என்ன செய்யும் என்று— ஏன்டா யோசிக்கலை?

டிசம்பர் 16
ஓஸ்மோவிடம் என் திட்டத்தைச் சொன்னேன். வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "சத்தமே கூடாதுன்னு எல்லாரையும் மாத்திட்டு, இப்ப நீங்க ஒருத்தர் மட்டும் சத்தம் போடப் போறீங்களாக்கும்!"

ஆம். நாளை என் காரில் மட்டும் ஆணி டயர்களைத் திரும்பப் பூட்டுவேன். பகலில் அது பாதையின் அடியிலேயே நிற்கும். மாலைதோறும், மெர்யா பணிக்குக் கிளம்பிய பின், மேட்டில் ஏறி இறங்கி, அவள் திரும்பி வருவதற்காகப் பனியைக் கீறி வைப்பேன்.