அண்ணனுக்குப் படையல்

12.3.1955
பசியாறும்போது அண்ணன் கொதிக்கும் தண்ணீர்க் கேத்தலைத் துணியில்லாமல் தூக்கினார். உள்ளங்கை கொப்பளித்துவிட்டது. வலிக்கவே இல்லையாம். அம்மா என்னைப் பார்த்தாள்.

19.4.1955
தொழுநோய்.

2.5.1955
ஆஸ்பத்திரி வேன் வாசலுக்கு வரக்கூடாது என்று விடியுமுன் அண்ணனே நடந்து போய்விட்டார். இனி சுங்கை பூலோ தொழுநோய் ஆஸ்பத்திரியில்தான். இங்கே காஜா பேராங்கில் கேட்பவர்களுக்கெல்லாம் சிங்கப்பூரில் வேலை என்று சொல்கிறோம்.

9.6.1957
கிளேபாங்கிலிருந்து பெண் பார்க்க வந்தார்கள். மாப்பிள்ளை கருணாகரன், பள்ளிக்கூட வாத்தியார். அம்மாவைத் தனியே விடவேண்டாம், இங்கேயே இருக்கிறேன் என்றார். நல்ல மனுஷன். அவருடைய மாமாதான் கேட்டார், கல்யாணத்தில் பொரி போட அண்ணன் சிங்கப்பூரிலிருந்து வருவார்தானே என்று.

அம்மா, “அவன் தவறிட்டான்ங்க” என்றாள்.

எப்போது என்றார்கள். வருஷம் திரும்பாத சாவு என்றால் கல்யாணம் நின்றுவிடும். “ரெண்டு வருஷமாச்சு. மே மாசம் ரெண்டாந்தேதி.” அண்ணன் வீட்டைவிட்டுப் போன தேதி. நான் காப்பித் தட்டோடு நின்றேன். ஏன் பேசவில்லை? எனக்கும் கல்யாணம் வேண்டியிருந்தது, வேறென்ன.

30.6.1957
அண்ணனுக்கு எல்லாவற்றையும் எழுதியிருந்தேன். பதில் வந்தது: “அம்மா சொன்னது சரிதான் பூங்கா. இனிமே கடுதாசி போடாத. மாப்பிள்ள பாத்துடுவாரு.”

12.9.1957
கல்யாணம் முடிந்தது. சித்தப்பா மகன் தம்பிராஜா பொரி போட்டான். போன மாதம் மெர்டேக்காவுக்கு, சுதந்திரத்துக்கு, கட்டிய கொடிகள் இன்னும் தெருவில் இருக்கின்றன.

2.5.1958
இவர் அண்ணனின் படத்துக்குச் சட்டம் போட்டுக்கொண்டு வந்துவிட்டார். மச்சானுக்குச் செய்யாமல் விடக்கூடாதாம். அவருக்கு என்ன பிடிக்கும் என்று கேட்டார். நெத்திலி சம்பால் என்றேன். நானே சமைத்தேன். நானே பொட்டு வைத்தேன். அழுகைகூட வரவில்லை — என்ன பிறவி நான்? அம்மா தலைவலி என்று படுத்துவிட்டாள்.

2.5.1959
படையல்.

15.11.1959
ஞாயிற்றுக்கிழமை. அம்மா கோயிலுக்குப் போயிருந்தாள். வாசலில் ஓர் ஆள், முகம் தடித்து, புருவமே இல்லாமல். குரல் கேட்ட பிறகுதான் அண்ணன் என்று தெரிந்தது. முழுக்கக் குணமாகிவிட்டது என்று டாக்டர் எழுதிக் கொடுத்த தாளை நீட்டினார்.

உள்ளேயிருந்து இவர் “யாரு பூங்கா?” என்று கேட்டுக்கொண்டே வந்தார். அண்ணன் என் தோளுக்குப் பின்னால் பார்த்தார். கூடத்துச் சுவரில் அவர் படம், மாலையோடு.

அண்ணன் தாளை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு சொன்னார், “வீடு மாறி வந்துட்டேன்மா. மன்னிச்சுக்குங்க.”

“பரவால்லங்க” என்றேன்.