வெள்ளவத்தைக் கடவையில் அடைபட்ட அடுக்கு

எனக்கென்று இருந்த ஒரே அக்காவுக்கு,

முதலில் வீட்டுச் செய்தி. கீழ்த்தளத்து வீடு கிடைத்துவிட்டது. படியே இல்லை, வாசலைத் தாண்டினால் ஒழுங்கைதான். உங்களுக்காகப் பார்த்த வீட்டில் நான் மட்டும் இருந்து தேத்தண்ணி குடிக்கிறேன். பின்னேர ரயில் முன்பு போலவே பிந்தித்தான் வருகிறது.

இந்தக் கடிதத்தைப் பத்திரிகையில் போடுகிறேன். உங்களுக்கு விசர் பிடித்துவிட்டது என்று கதைத்த சொந்தக்காரர்களும் படிக்கட்டும். நானும் அவர்களில் ஒருவன்தான்.

உங்கள் மகன் சேந்தன் கொட்டாஞ்சேனைக்கு வகுப்புக்குப் போய்த் திரும்பாத பிறகு, நாங்கள் ஏறி இறங்காத அலுவலகம் இல்லை. மூன்றாம் வருடம் ‘அடுக்கு மாறுதல்’ என்று ஒன்றைக் கண்டுபிடித்தீர்கள். முப்பது வருடம் பம்பலப்பிட்டியில் கணக்குப் படிப்பித்த மனிசியிடமிருந்து இதை நான் எதிர்பார்க்கவில்லை.

“நேரம் பிட்டுக் குழல் மாதிரி, தம்பி. மாவும் தேங்காய்ப்பூவும் அடுக்கடுக்காக் கிடக்கு. பக்கத்து அடுக்கில அவன் அண்டைக்கு பஸ்ஸைத் தவறவிட்டிட்டு வீட்டை வந்திட்டான்.”

“அப்ப நாங்கள் மாவோ, தேங்காய்ப்பூவோ?” என்று நக்கலடித்தேன். நீங்கள் சிரிக்கவில்லை.

வெள்ளவத்தை ரயில் கடவையில், கோட்டைக்குப் போகும் ரயிலும் காலிப் பக்கம் போகும் ரயிலும் ஒன்றையொன்று கடக்கும் நேரம் பார்த்து நிற்க வேண்டும். கண்ணை மூடி, அன்று செய்யாமல் விட்ட ஒன்றை மனதால் செய்து முடிக்க வேண்டும். அன்று நீங்கள் அவனை வாசலில் மறித்து, இன்னொரு தோசை சாப்பிட்டுப் போ என்று சொல்லாமல் விட்டீர்கள். அதைச் சொல்லுவீர்கள். இரண்டு ரயிலின் இரைச்சலும் ஒன்றாகும்போது அடுத்த அடுக்கில், கடவையில் காத்து நிற்கும் அவன் பக்கத்தில் நிற்பீர்கள். ரயில்கள் போய்க் கடவைப் படலை திறந்தால் திரும்பிவிடுவீர்கள்.

ஒரேயொரு நிபந்தனை. அவனுக்கு உரித்தானவர்கள் யாரும் இங்கே அவனை முடித்துவைக்கக் கூடாது. படத்துக்கு மாலை போடக் கூடாது, திவசம் கொடுக்கக் கூடாது, வாக்காளர் படிவத்தில் பெயரை வெட்டக் கூடாது.

நான் பக்கத்தில் குடை பிடித்தபடி நிற்பேன். ஒருநாள் கண்ணைத் திறந்து சொன்னீர்கள்: “தலைமயிர் கொட்டுது அவனுக்கு. தேப்பனைப் போலத்தான். மாமாவுக்கு இன்னும் கோவம் வாறதோ எண்டு கேட்டவன்.”

அன்றுதான் கொஞ்சம் நம்பினேன். பொய்யென்றால் அவனுக்குத் தலை நிறைய மயிர் விட்டிருப்பீர்களே. முழுதாக நம்பியிருந்தால் இந்தக் கடிதத்துக்கு வேலை இருந்திருக்காது.

பிறகு உங்கள் முழங்கால் நான்கு மாடி ஏற மறுத்தது. நடுப்படியில் உட்கார்ந்து மூச்சு வாங்குவீர்கள். வீடோ அத்தான் சாகுமுன் எழுதி வைத்தபடி சேந்தனின் பெயரில். அதைக் கொடுத்துக் கீழ்வீடு வாங்க அவனுடைய மரணச் சான்றிதழ் வேண்டும், தாய் கையொப்பமிட வேண்டும் என்றார்கள். உங்களிடம் கேட்டால் என்ன சொல்லுவீர்கள் என்று எனக்குத் தெரியும். உங்கள் கண்ணில் புரை முற்றியிருந்ததும் தெரியும்.

“என்ன தம்பி இது?”

“லைட் பில் அலுவல், அக்கா. பேரை மாத்தோணும்.”

“எங்க வைக்க?”

“இஞ்ச, என்ர விரலுக்குப் பக்கத்தில.”

பள்ளிக்கூட ரிப்போர்ட்டில் வைப்பது போல முழுப்பெயரையும் வடிவாக எழுதினீர்கள்.

அன்று பின்னேரம் இரண்டு ரயிலும் போய், படலையும் திறந்துவிட்டது. “நான் இஞ்சயே நிக்கிறன், தம்பி,” என்றீர்கள். அடுத்த நாளும் அப்படித்தான். அதற்கடுத்த நாளும்.

“ஆரும் ஏதும் செய்தவையோ?”

“இல்லை, அக்கா.”

“அப்ப எனக்குத்தான் மனம் விட்டுப்போச்சு. பெத்தவளே கைவிட்டா அவன் என்ன செய்வான்?”

ஆஸ்பத்திரியிலும் இதையேதான் சொல்லிக்கொண்டிருந்தீர்கள். நான் தலையணையைச் சரி செய்தேன், ஹோர்லிக்ஸ் கரைத்துத் தந்தேன், வாயைத் திறக்கவில்லை. கோபக்காரன் என்று ஊரெல்லாம் பெயரெடுத்தவன் வெறும் பயந்தாங்கொள்ளி. உங்கள் மனம் ஒருநாளும் விட்டுப்போகவில்லை, அக்கா. உங்கள் கையாலேயே உங்கள் பிள்ளையை முடித்துவைத்தவன் நான். இதைச் சொல்ல நீங்கள் சாகும்வரை ஏன் காத்திருந்தேன்?

இப்போது நானும் கடவைக்குப் போகிறேன். கண்ணை மூடி, அந்தக் கடதாசியிலிருந்து விரலை எடுக்கிறேன். ரயில்கள் வருகின்றன, போகின்றன, வடைக்காரன் கூவுகிறான். நான் நின்ற இடத்திலேயே நிற்கிறேன். எனக்கு அந்த அடுக்கு திறக்காது. திறக்கும் என்று நினைத்துப் போகவுமில்லை.

நீங்கள் போனதை விட இன்னொன்றுதான் என்னைத் தின்கிறது. அந்த அடுக்கில் அவன் இன்னும் கடவைக்கு வந்து நின்று பார்த்துவிட்டு, அம்மாவுக்கு அலுத்துவிட்டது என்று நினைத்துக்கொண்டு வீட்டுக்குப் போவான். அவனுக்கு யார் சொல்லுவது?

கால் நடக்கும்வரை போவேன், அக்கா. தவறி ஒருநாள் அந்த அடுக்கு திறந்தால், அவன் என் முகத்தில் துப்பினாலும் பரவாயில்லை, “அம்மா உன்னை விடேல்லையடா, மாமாதான் விட்டனான்” என்று அவனிடம் சொல்லுவேன். திறக்காவிட்டால், அவன் உங்களைத் தப்பாக நினைத்தபடியே கிழவனாவான்.

சேந்தனைத் தூக்கி வளர்த்த மாமன்,
உங்கள் தம்பி