பென்சில் புள்ளி வைத்த தேதிகள்

திருமயம்
14.5.2025

அன்பு மகள் கலைமதிக்கு அப்பா எழுதுவது. இங்கே நானும் உன் அம்மாவும் உடம்பளவில் சுகம். மஸ்கட்டில் நீயும் மாப்பிள்ளையும் பிள்ளையும் எல்லா வகையிலும் சுகமாக இருக்க சத்தியமூர்த்திப் பெருமாள் துணை நிற்கட்டும். போனில் பேசினால் அம்மா காதில் விழும், அதனால் எழுதுகிறேன். ஞானமணி சாரின் மகள் பிளெஸ்ஸி வெள்ளிக்கிழமை அங்கே திரும்புகிறாள், அவள் கையில் கொடுத்தனுப்புகிறேன். இதை எழுதலாமா என்று இரண்டு நாள் யோசித்தேன். முதலில் எழுதிய இரண்டு தாளையும் கிழித்துவிட்டேன். இதையும் கிழிப்பதற்குள் முடித்துவிட வேண்டும்.

வரும் ஞாயிறு புதுக்கோட்டையில் நாடக நடிகர்கள் சேர்ந்து உன் அம்மாவுக்குப் பாராட்டு விழா நடத்துகிறார்கள் என்பது உனக்குத் தெரியும். அவள் வாழ்க்கையைப் புத்தகமாக எழுத ஷர்லி என்று ஒரு கல்லூரிப் பெண் பங்குனி மாதத்திலிருந்து வீட்டுக்கு வந்து போகிறாள். பதினாறு வயதில் முதல் மேடை ஏறியது, ஒரே சித்திரையில் இருபத்தாறு ஊர் ஆடியது, நோட்டீஸில் திருமயம் ராசாத்தி என்று போட்டால் பக்கத்து ஊர்க்காரர்கள் வண்டி கட்டிக்கொண்டு வந்தது, 2012இல் முழங்கால் வலியால் நிறுத்தியது, எல்லாவற்றையும் அம்மா சொல்லச் சொல்ல அந்தப் பெண் எழுதிக்கொள்கிறாள். விழாவில் ஒரு மணி நேரம் அம்மா மறுபடி பாடப்போகிறாள். எதிரே நாயகனாக, ராஜபார்ட் வேடத்தில், யார் என்று கேட்பாய். அறந்தாங்கி உதயசூரியன்தான். அறுபத்தெட்டு வயதில் மீசைக்கு மை பூசிக்கொண்டு திரிகிற அந்த மனிதர் தினம் இரண்டு தடவை போன் செய்கிறார். திங்கள்கிழமை காலை பதினேழு நிமிடம் பேசினார்கள், நான் கடிகாரம் பார்த்தேன். அன்று முழுக்க அம்மா என்னிடம் பேசியதைக் கூட்டினாலும் அவ்வளவு வராது.

மகளிடம் எழுதக் கூசுகிறது, ஆனாலும் எழுதுகிறேன். எனக்கு அவர் மேல் பொறாமை, இன்று நேற்றல்ல. நாயகனும் நாயகியும் ஒத்திகை இல்லாமல் மேடையிலேயே சந்தித்து, பாட்டாலும் வாயாலும் மோதுகிற தர்க்கத்தில் அவரும் உன் அம்மாவும் சேர்ந்தால் கூட்டம் அசையாதாம். ‘அசையாதாம்’ என்று கேள்விப்பட்டதாகத்தான் எழுதுகிறேன், ஏனென்றால் அவர்கள் இருவரும் சேர்ந்து ஆடியதை நான் ஒரு தடவைகூடப் போய்ப் பார்த்ததில்லை, பயம். மறுநாள் தாலுகா ஆபீஸில் யாராவது வந்து சொல்வார்கள். ஒருமுறை டைப்பிஸ்ட் ராசு, “என்ன சார், நேத்து ஆலங்குடியில ஒங்க வீட்டம்மா உதயசூரியன வாயடைக்க வச்சுட்டாகளாம்ல. வழி தவறி வந்துட்டேன் பொண்ணே, ஒரு வாய் தண்ணி குடுன்னு அவரு கேக்க, வழி தவறுனவன் தலையக் கலைச்சுக்கிட்டு வருவான், நீ சீவிக்கிட்டுல வந்திருக்கன்னாகளாம்” என்று சொல்ல, ஆபீஸே சிரித்தது. நானும் சிரித்தேன். வீட்டுக்கு வந்து, தண்ணீர் கொடு என்று கேட்டேன். பேசாமல் கொண்டுவந்து வைத்தாள்.

நம் ஊர் நாடகத்தில் ஒவ்வொரு நடிகருக்கும் தனித்தனியாக வந்துதான் தேதி கேட்பார்கள். அம்மாவுக்கு எழுத்து அவ்வளவாகக் கூடிவராது என்பதால் கல்யாணமான நாள் முதல் அவள் தேதி டைரியை நான்தான் வைத்திருந்தேன். யார் கேட்டு வந்தாலும் என்னிடம்தான் வரவேண்டும். எதிரே உதயசூரியன் என்று தெரிந்தால் சில நேரம், அன்றைக்கு வேறு ஊர் ஒத்துக்கொண்டாயிற்றே என்று சொல்லிவிடுவேன். சொன்ன பொய்க்கு ஆதாரமாக ஏதாவது ஓர் ஊரின் பெயரை டைரியில் எழுதி, பிறகு அந்த ஊரில் நாடகம் ரத்து என்று அம்மாவிடம் சொல்வேன். ஆனால் பொய்ப் பதிவும் மெய்ப் பதிவும் கலந்து கிடப்பதை என்னால் பொறுக்க முடியவில்லை. பொய்த் தேதி ஒவ்வொன்றின் ஓரத்திலும் பென்சிலால் ஒரு சிறு புள்ளி வைத்தேன். இருபத்தேழு வருட டைரிகளில் நாற்பத்தொரு புள்ளி.

அதில் ஒன்றுதான் இப்போது என்னைப் பிடித்திருக்கிறது. 1993இல் ஜெகதாப்பட்டினம் திருவிழா நாடகத்தை ஒரு கேசட் கம்பெனி பதிவு செய்ய வந்தது. அம்மாவும் உதயசூரியனும்தான் வேண்டும் என்று கேட்டார்கள். தேதி இல்லை என்றேன். புதுக்கோட்டை சுகுணா போனார். அந்தக் கேசட் ஊரெல்லாம் ஒலித்தது, சுகுணாவுக்கு மலேசியா, சிங்கப்பூர் எல்லாம் அதனால்தான் வாய்த்தது. கம்பெனிக்காரர்கள் முதலில் தன்னைத்தான் கேட்டார்கள் என்று அம்மாவுக்கு எப்படியோ தெரிந்து என்னிடம் விசாரித்தபோது, சுகுணா ஆள் வைத்து மாற்றியிருப்பாள் என்று சொல்லிவிட்டேன். முப்பத்திரண்டு வருடமாக அம்மா சுகுணாவோடு பேசவில்லை. இப்போது அந்தச் சுகுணா தொண்டையில் ஆபரேஷன் செய்து குரல் எழும்பாமல் இருக்கிறார். ராசாத்தி அக்காவுக்கு நான்தான் பொன்னாடை போர்த்துவேன் என்று விழாக்காரர்களிடம் அவரே கேட்டிருக்கிறார். அம்மாவோ, அவ வந்தா நான் வரல என்று சொல்லிவிட்டாள். சுகுணாவை வரவேண்டாம் என்று சொல்ல ஆள் அனுப்ப இருந்தார்கள்.

திங்கள்கிழமை மத்தியானம் ஷர்லி டைரிகளைப் புரட்டிக்கொண்டே, “சார், இந்தப் புள்ளி எதுக்கு? இந்த ஊர்ல எல்லாம் விசாரிச்சா அந்தத் தேதியில நாடகமே இல்லைங்கிறாங்களே” என்று கேட்டாள். மழையில் ரத்தானது என்றேன். முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்த அம்மா தலை நிமிராமல், “சித்திரையில ஏதும்மா மழை?” என்றாள். அந்தப் பெண் போகும்வரை காத்திருந்து, அம்மா எதிரே உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னேன். அலுவலகத்தில் விளக்கக் கடிதம் கொடுப்பது போல வருட வரிசைப்படியே சொன்னேன், வேறு மாதிரி எனக்கு வரவில்லை.

கீரை உருவும் கை நின்றது. “அப்ப சுகுணா இல்லையா?” என்று முதலில் கேட்டாள். இல்லை, நான்தான் என்றேன். எத்தனை தேதி என்றாள். நாற்பத்தொன்று என்றேன். “எண்ணி வேற வச்சிருக்கீங்க” என்றாள். பிறகு, “உதயசூரியன் அண்ணன் மேல சந்தேகமா?” என்று கேட்டாள். சந்தேகம் ஒரு நாளும் இல்லை, அவர் கேட்டால் உனக்கு உடனே பதில் வருகிறது, நான் கேட்டால் ‘ம்’ மட்டும்தான் வருகிறது, அதுதான் என்றேன். “நீங்க எங்கிட்ட என்னத்தக் கேட்டீங்க? சோறு வெந்துருச்சா, தேதி சரியான்னு கேட்டீங்க. அதுக்குத் தர்க்கமா பாடுறது?” என்றாள்.  பிறகு கீரைத் தட்டை ஒதுக்கி வைத்துவிட்டு, “அந்தக் கேசட்ட அவ வீட்டு வாசல் வழியாப் போறப்பல்லாம் கேட்டு அவளத் திட்டிருக்கேன். நாளைக்குக் கெளம்புங்க. நீங்க அவகிட்ட சொல்லணும், நான் பக்கத்துல நிப்பேன்” என்றாள்.

நேற்று பத்து மணி பஸ்ஸில் புதுக்கோட்டை போனோம். அம்மா பெண்கள் சீட்டில் போய் உட்கார்ந்துகொண்டாள். சுகுணாவிடம் நின்றுகொண்டே சொன்னேன். அவர் கிசுகிசுப்பாக, “சூதுவாது தெரியாத பச்ச மண்ணுன்னு நாங்கல்லாம் ஒங்களத்தாண்ணே சொல்லுவோம்” என்றார். அதைவிட அவர் திட்டியிருக்கலாம். அம்மா அவர் கையைப் பிடித்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள். முன் அறையில் ஒரு மணி நேரம் தனியாக உட்கார்ந்திருந்தேன். உள்ளே அம்மா ஏதோ கேட்பதும், அந்தக் குரலில்லாத குரலில் பதில் வருவதும், இரண்டு பேரும் சிரிப்பதுமாக இருந்தது. உண்மையைச் சொல்கிறேன், சுகுணா மேலும் எனக்குப் பொறாமை வந்தது. குணம் மாறவில்லை மதி, பொய் சொல்வதுதான் நின்றிருக்கிறது.

ஞாயிறன்று உதயசூரியனின் காரில் அம்மா, சுகுணாவையும் அவர் வீட்டில் ஏற்றிக்கொண்டு, முன்னதாகப் போகிறாள். என்னிடம், “நீங்க பஸ்ல வாங்க. முன் வரிசையில ஒக்காருங்க. இம்புட்டு வருசமா அடுத்தவன் சொல்லித்தான கேட்டீங்க” என்று மட்டும் சொன்னாள். அதற்குப் பிறகு தேவைக்கு மேல் பேச்சில்லை. நான் போவேன். எப்படி உட்கார்ந்திருப்பேன் என்று தெரியவில்லை.

பிள்ளைக்கு மாம்பழ வற்றலும் உனக்கு முருங்கைக்கீரைப் பொடியும் பிளெஸ்ஸியிடம் இருக்கின்றன. அங்கே வெயில் கடுமையாம், மோர் நிறையக் குடியுங்கள். இன்னொன்று. நீ வேலை பார்க்கும் ஆஸ்பத்திரியில் இருந்து உன் டூட்டியை மாற்றிக் கேட்டு வரும் போனை மாப்பிள்ளையே எடுத்துப் பதில் சொல்லிவிடுகிறார், எனக்கு ஒரு வேலை மிச்சம் என்று போன மாதம் சொன்னாய். மாப்பிள்ளை நல்லவர்தான், அதில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனாலும் இனி அந்தப் போனை நீயே எடு. ஏன் என்று அவர் கேட்டால், அப்பா சொன்னார் என்று சொல். மேலும் கேட்டால் இந்தக் கடிதத்தைக் காட்டு, நான் வருத்தப்பட மாட்டேன்.

மூவரும் நீண்ட ஆயுளோடும் மன நிறைவோடும் வாழ ஆசீர்வாதம்.

உன் அப்பா
அழகுமலை