தந்தை பெயர் என்ற கட்டத்தில்

அப்பா,

பாணேரில் என் மகனைப் பள்ளியில் சேர்க்க வாங்கி வந்த படிவம் சாப்பாட்டு மேசையில் கிடக்கிறது. தந்தை பெயர் என்ற கட்டத்தைக் காலையிலிருந்து மூன்று முறை சரிபார்த்துவிட்டேன். “என் பெயரை எழுத உனக்குத் தெரியாதா?” என்று என் கணவர் சிரிக்கிறார். சிரிக்கட்டும், அவருக்கென்ன தெரியும்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில், திருநெல்வேலிப் பக்கமிருந்து வேலைக்காக மராத்தி பேசும் ஆகுர்டிக்கு வந்து ஆறு மாதம்கூட ஆகாத நிலையில், ஷிப்ட் முடிந்து தொழிற்சாலைச் சட்டையோடு என்னைப் பள்ளியில் சேர்க்கக் கூட்டிப் போனீர்கள். குமாஸ்தா மராத்தியில் அப்பா பெயரைக் கேட்டார். வேலையில் சேரும்போது உங்களிடம் கேட்ட அதே கேள்வி என்று நினைத்து, தாத்தா பெயரைச் சொன்னீர்கள். அடுத்து குடும்பப் பெயர் கேட்டார். நமக்கு ஏது அது? இனிஷியல்தானே உண்டு. அதற்குரிய உங்கள் பெயரைச் சொன்னீர்கள். அவர் எழுதிக்கொண்டார்.

பத்தாம் வகுப்புச் சான்றிதழ் வந்தபோதுதான் கவனித்தோம், என் தந்தை இடத்தில் தாத்தா இருந்தார். நீங்கள் விழுந்து விழுந்து சிரித்தீர்கள். “பேப்பர்படி நான் உனக்கு அண்ணன்ட்டி, மரியாதையாக் கூப்பிடு” என்றீர்கள். பிறகு திருத்திக்கொள்ளலாம் என்று பீரோவில் வைத்துப் பூட்டினோம். கல்லூரியிலும் யாரும் கேட்கவில்லை, நாமும் மறந்துபோனோம்.

இரண்டாயிரத்து ஆறில் உங்கள் சிறுநீரகங்கள் இரண்டும் கைவிட்டன. அம்மாவுக்குச் சர்க்கரை, தர முடியாது. நான் தருகிறேன் என்றேன். ஒரு மாதம் என்னோடு பேசாமல் இருந்து, பிறகு சம்மதித்தீர்கள். ரத்தம் பொருந்தியது. இடப்பக்கத்துச் சிறுநீரகத்தை எடுக்கலாம் என்று டாக்டர் குறித்தும் வைத்தார். அதற்குள் மருத்துவமனைக் குழு நான் உங்கள் மகள் என்பதற்கு ஆதாரம் கேட்டது. நான் ஊரில் வீட்டில் பிறந்தவள், பிறப்பை யாரும் பதியவில்லை. ரேஷன் அட்டையை ஒதுக்கிவிட்டுச் சான்றிதழைத் திருத்திக்கொண்டு வரச் சொன்னார்கள். அவர்களைத் திட்டவும் முடியவில்லை. பணம் கொடுத்து யாரையோ மகள் என்று கூட்டி வருகிறவர்களைத் தடுக்கத்தானே அந்தச் சட்டம்.

படித்து முடித்துப் போன பெண்ணின் பதிவேட்டைத் தொட முடியாது, கல்வி அதிகாரியின் உத்தரவு வேண்டும் என்றது பள்ளி. அதற்குப் பிரமாணப் பத்திரம், பத்திரிகை விளம்பரம் என்று ஒவ்வொன்றாகச் சொன்னார்கள். டயாலிசிஸ் முடிந்த மறுநாள், கையில் கட்டோடு நோட்டரி முன்னால் உட்கார்ந்தீர்கள். இவள் உங்கள் மகள்தானா என்று அவர் இந்தியில் கேட்டார். பதினைந்து வருஷம் இந்தி பேசியவர், அன்று தமிழில் பதில் சொன்னீர்கள்.

“எம் மவதான் சார். வேற யாரு மவ?”

அவருக்கு ஒன்றும் புரியவில்லை. முத்திரையைக் குத்தினார். நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

அதன்பின் வாரத்துக்கு இரண்டு நாள் கல்வி அதிகாரியின் அலுவலக பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். சாகேப் மீட்டிங்கில் இருப்பார், இல்லையென்றால் விடுமுறையில் இருப்பார். கெஞ்சினேன், கத்தினேன், ஒரு நாள் அழுதே விட்டேன். பியூன் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார், அவரால் முடிந்தது அதுதான். வீட்டுக்கு வந்தால் நீங்கள் என்னைச் சமாதானப்படுத்துவீர்கள். “எதுக்குட்டி இப்படி அலையுத? நீ எம் மவதான்னு எனக்குத் தெரியும்லா. அது போதும்.”

போதவில்லையே அப்பா. ஒரு குமாஸ்தா கேட்டதற்கு நீங்கள் சொன்ன பதிலை மாற்ற எனக்கு நான்கு மாதம் ஆயிற்று. உங்களுக்கு அவ்வளவு நாள் இருக்கவில்லை.

நீங்கள் போன பதினோராம் நாள் உத்தரவு வந்தது. கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டேன். உங்கள் பெயர் உரிய கட்டத்தில், ஒரு எழுத்துகூடப் பிசகாமல் இருந்தது. யாரிடம் கொண்டுபோய்க் காட்டுவது என்று தெரியாமல் அந்த வராந்தாவிலேயே நின்றேன்.

டாக்டர் உங்களுக்கென்று குறித்து வைத்த இடப்பக்கத்துச் சிறுநீரகம் இன்னும் என்னிடம்தான் இருக்கிறது அப்பா.