உன் குழிமேட்டில் நான் நட்ட செடி

விரலிடுக்கு இன்னும் அரிக்கிறது. நேற்று உன் குழிமேட்டில் செடி பிடுங்கிய கை இது. எண்ணெய் தடவிக்கொண்டுதான் எழுதுகிறேன். உனக்கு எழுதக்கூட வெட்கமாக இருக்கிறதடி.

நீ போன பிறகு அங்கே மாசிபத்திரி நடவேண்டும் என்று எனக்கு ஒரே பிடிவாதம். தேயிலை மலையில் புல் வெட்டும்போது எல்லாவற்றையும் சுரண்டிவிட்டு, தண்ணீர் ஓடும் கானோரம் நிற்கும் அந்த ஒரு தூரை மட்டும் விட்டுவைப்பாயே. "என்னா புள்ள, புல்லயா வளக்குற?" என்று கங்காணி கத்துவார். "மருந்துங்க. ஒங்க சொறிக்கும் இதத்தானே அவிச்சுக் குளிச்சீங்க" என்பாய். அதோடு அவர் வாய் அடைத்துப்போகும். லயத்து வரிசை வீடுகளில் யார் பிள்ளைக்குச் சிரங்கு வந்தாலும் உன் காம்பரா வாசலில்தான் இலை கேட்டு நிற்பார்கள்.

களைநாசினி அடித்து அடித்துக் கானோரத்தில் இப்போது ஒன்றும் இல்லை. அதனால் பண்டாரவளைப் பக்கம் ஒரு மரக்கறித் தோட்டத்தில், ஆட்டெருக் குவியலோரம் முளைத்திருந்த கன்றுகளைப் பிடுங்கி வந்தேன். அதே மாதிரி பிளந்த இலை. "இலையத் திருப்பிப் பாரு. அடியில வெள்ளையா பஞ்சு மாதிரி இருக்கணும். கசக்கினா வாசம் மூக்குல ஏறணும்" என்று எத்தனை தரம் சொல்லியிருப்பாய். நான் திருப்பவுமில்லை, கசக்கவுமில்லை. உன் கூட்டாளிக்குத் தெரியாத செடியா என்ற மிதப்பு. லயத்துச் சனம் பார்த்துக்கொண்டிருக்கப் பெருமையாக நட்டேன்.

போன வாரம் வெள்ளை வெள்ளையாகப் பொடிப் பூ பூத்தது. மாசிபத்திரி அப்படிப் பூக்காது. இது பார்த்தீனியம். தொட்டால் அரிப்பு, கிட்டே போனால் தும்மல். உன் திவசத்துக்கு முன்னால் யாருக்கும் தெரியாமல் பிடுங்கிவிடலாம் என்றிருந்தேன். ஆனால் உன் மகள் ஒருநாள் முந்தியே கொழும்பிலிருந்து கைக்குழந்தையோடு வந்துவிட்டாள்.

நேற்று நான் குழிமேட்டுக்குப் போய்ச் சேரும்போது ஒரு கட்டு ஒடித்துச் சால்வையில் முடிந்திருந்தாள். "கொழும்புச் சூட்டுல பிள்ளைக்கு மேலெல்லாம் வேர்க்குரு பெரியம்மா. அம்மா அவிச்சு ஊத்துவாங்கல்ல, அது மாதிரி ஊத்தப் போறேன். நீங்க நட்டதாலதான் கெடச்சிச்சு" என்றாள். கூட நின்றவர்கள் என்னைப் பார்த்துத் தலையாட்டினார்கள்.

நான் லயம் வரைக்கும் அவளோடு நடந்தேன். அடுப்பில் தண்ணீர் கொதித்தது. அவள் முடிச்சை அவிழ்த்தபோதுதான், "போடாத தாயி. அது மருந்தில்ல. நாந்தான் தப்பா நட்டுட்டேன்" என்றேன்.

"அப்ப ஏன் பெரியம்மா அங்கயே சொல்லல?"

திரும்பிக் குழிமேட்டுக்குப் போய் எல்லாவற்றையும் வேரோடு பிடுங்கினேன்.

இன்று காலை திவசச் சமையலுக்குக் கறிவேப்பிலை கொண்டுபோய் உன் மகளிடம் கொடுத்தேன். வாங்கி, ஒவ்வோர் இலையாகத் திருப்பிப் பார்த்துச் சட்டியில் போட்டாள். அவளுக்குக் கோபம்கூட இல்லை. நீ பார்ப்பது போலவே பார்த்தாள். கடைசி இலையைப் பார்த்து முடிக்கும் வரைக்கும் நான் அடுப்படியிலேயே நின்றேன்.