செவ்வாய்க்குப் பனியன்

2006 நவம்பர் 8, புதன்

உலக மக்களுக்கு ஓர் அறிவிப்பு: இன்று மாலை எங்கள் ஊர் மண்ணரையில் செவ்வாய்க் கிரகத்துக்குப் பனியன் போடப்பட்டது.

பூமியின் மேலோடு துண்டு துண்டாக நகர்வதுபோல் செவ்வாயில் நகராது என்று நேற்று வகுப்பில் சொன்னேன். "ஏன்டா, நீ போயிப் பாத்துப்போட்டு வந்தியா?" என்றான் தினேஷ். வகுப்பே சிரித்தது. நாளை பள்ளியில் நடக்கும் அறிவியல் கண்காட்சிக்கு அவன் செய்யும் செவ்வாய் உருண்டையில் துண்டுகளை நகர்த்திக் காட்டுவானாம். அதற்குத் துண்டு துண்டாகத் துணி தைத்துத் தரச்சொல்லி, பனியன் தைக்கும் வீட்டுப் பிள்ளை என்று என்னிடமே வந்தான்.

"தந்துட்டாப் போச்சுங்க மொதலாளி!" என்றேன்.

துண்டுத்துணியை விட்டுவிட்டு, மெஷினில் குழாய்போல ஒரே துணியாக வரும் பனியன் துணியை உருண்டைக்கு மாட்டினேன். துண்டுகள்போலத் தெரிய மேலே சும்மா தையல் கோடுகள் போட்டேன். நாளை எல்லார் முன்னாலும் இழுப்பான், ஒன்றுமே நகராது. மானம் கப்பலேறட்டும்!

இதை எழுதும்போதுதான் உறைக்கிறது. நகராத செவ்வாய்தானே சரியான செவ்வாய்? நான் சொன்னதை என் கையாலேயே தைத்து அவனிடம் கொடுத்திருக்கிறேன். பரிசு அவனுக்குத்தான்.